அழைப்பாணை யார் கையில் சேர்ந்தது? மலையகத்தில் விவாகரத்து வழக்கும் நியாயமான விசாரணையும்

[காட்சி: லயத்து வாசல், காலைப் பனி, பூட்டிய காம்பிராக் கதவு]

வணக்கம். நிலைமை விளங்குவதற்காக ஓர் உதாரணத்தை எடுத்துக்கொள்வோம். இந்தக் காம்பிராவில் (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடான லயத்தின் ஓர் அறையில்) இருந்த பெண், கணவனின் அடி தாங்காமல் வெளியேறி, மூன்று ஆண்டுகளாகக் கொழும்பில் வீட்டு வேலை செய்கிறார். கணவன் மாவட்ட நீதிமன்றத்தில் விவாகரத்து வழக்குத் தாக்கல் செய்து, மனைவியின் முகவரியாக இதே லயத்தைக் கொடுத்திருக்கிறார். வழக்குக்கு வரச் சொல்லும் அழைப்பாணையைக் கொண்டுவரும் நீதிமன்றத்தின் பிஸ்கால் உத்தியோகத்தர் இந்தப் பூட்டுக்கு முன்னால்தான் வந்து நிற்கிறார். அந்தப் பெண்ணுக்கு வழக்கு நடப்பதே தெரியாது.

[காட்சி: சட்டப் புத்தகத்தின் பக்கங்கள்]

தமிழ்நாட்டுச் சட்ட வீடியோக்களைப் பார்த்துப் பழகிய பலர், இந்து முறைப்படி திருமணம் செய்த நமக்கும் இந்து திருமணச் சட்டம்தான் என்று நம்பிவிடுகிறார்கள். அது 1955ஆம் ஆண்டின் இந்தியச் சட்டம். இருவரும் இணங்கினால் விவாகரத்துப் பெறும் வழி அதில் உண்டு. மலையகத்து இந்துக்களுக்குப் பொருந்துவது இலங்கையின் 1907ஆம் ஆண்டின் 19ஆம் இலக்க விவாகப் பதிவுக் கட்டளைச் சட்டமாகும். கோயிலில் தாலி கட்டிப் பதிவு செய்யாமல் விட்டிருந்தாலும், செல்லுபடியான திருமணத்தைப் பெரியவர்களின் பஞ்சாயத்துப் பேச்சோ கையெழுத்திட்ட காகிதமோ முறிக்க முடியாது. நீதிமன்றத் தீர்ப்பு வேண்டும்.

அந்தச் சட்டத்தின் 19ஆம் பிரிவு மூன்று காரணங்களைச் சொல்கிறது. திருமணத்திற்குப் பின் துணை வேறொருவருடன் உடலுறவு கொண்டிருத்தல், வன்மத்துடன் கைவிட்டுச் செல்லுதல், திருமண வேளையிலேயே இருந்த குணப்படுத்த முடியாத தாம்பத்திய இயலாமை என்பன அவை. இவற்றில் இரண்டாவதை மட்டும் சற்று நின்று பார்க்க வேண்டும். வீட்டை விட்டு வெளியேறியவர்தான் கைவிட்டவர் என்று ஊர் சொல்லும். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. அடியாலும் கொடுமையாலும் ஒருவரை வீட்டில் இருக்க முடியாதபடி செய்து விரட்டியவரே கைவிட்டவர் என்பதை நமது நீதிமன்றங்கள் நெடுங்காலமாக ஏற்று வந்திருக்கின்றன. ஆகவே, நமது உதாரணத்துப் பெண் மன்றில் நின்று நடந்ததைச் சொன்னால், வழக்கில் தவறிழைத்தவர் யார் என்பதே மாறிவிடலாம். அவர் வராவிட்டால் கணவன் சொல்வது மட்டுமே பதிவாகும்.

[காட்சி: தோட்டக் காரியாலய மேசையில் கடிதக் கட்டு]

லயத்துக்குத் தனி முகவரி இல்லாத தோட்டங்கள் இன்னும் இருக்கின்றன. கடிதம் தோட்டக் காரியாலயத்துக்கு வந்து, அங்கிருந்து யாரோ ஒருவர் கையில் தோட்டத்தின் உட்பிரிவான டிவிசனுக்குப் போகிறது. ஒரே பெயரில் நான்கைந்து பேர் இருக்கும் தோட்டத்தில் அழைப்பாணை வேறொருவர் வீட்டுத் தகரக்கூரைக்குள் செருகப்பட்டுக் கிடப்பது நடக்காத காரியமல்ல. மனைவி இருக்கும் இடம் தெரிந்திருந்தும் தெரியாது என்று கணவன் நீதிமன்றத்தில் சொல்வது என் பார்வையில் இந்த வழக்குகளில் நடக்கக்கூடிய மிகப் பெரிய அநியாயம், ஏனெனில் மற்ற எல்லாப் பாதுகாப்பும் அழைப்பாணை உரியவர் கையில் சேர்வதிலிருந்தே தொடங்குகிறது.

எதிராளி வராவிட்டால் வழக்கு ஒருதலைப்பட்சமாக விசாரிக்கப்படும். ஆனால் கதவு அத்துடன் மூடப்படுவதில்லை. அவ்வாறு வழங்கப்பட்ட தீர்ப்பாணை கையளிக்கப்பட்டதிலிருந்து 14 நாட்களுக்குள், வராமற்போனதற்கு நியாயமான காரணம் இருந்தது என்று விண்ணப்பித்து நீதிமன்றத்தைத் திருப்திப்படுத்தினால், குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 86ஆம் பிரிவின்படி அது நீக்கப்பட்டு, எதிர்வாதம் செய்ய இடம் கிடைக்கும். எனவே, அந்தக் காகிதம் எந்தத் திகதியில் கைக்கு வந்தது என்பதை உடனே எழுதி வையுங்கள். சட்டத்தரணிக்குக் கொடுக்க வசதியில்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவை அணுகலாம்.

விவாகரத்துத் தீர்ப்பாணை முதலில் தற்காலிகமானதாகவே வழங்கப்படுகிறது. குறைந்தது மூன்று மாதங்கள் கழிந்த பின்னரே அது முற்றானதாகும். இருவரும் கூடிப் பேசி நீதிமன்றத்தை ஏமாற்றினார்கள் என்றோ, முக்கியமான உண்மைகள் மறைக்கப்பட்டன என்றோ அந்த இடைவெளியில் எடுத்துக்காட்டலாம். "நீ கோட்டுக்கு வரத் தேவையில்லை, எல்லாம் நான் பார்த்துக்கொள்கிறேன்" என்ற வார்த்தையை நம்பி வீட்டிலிருந்துவிட்ட பெண்ணின் பெயர் கைவிட்டவர் என்று பதிவில் ஏறிவிடக்கூடும் என்பதால்தான் இதை அழுத்திச் சொல்கிறேன்.

[காட்சி: சாட்சிக் கூண்டு]

அடுத்தது மொழி. வடக்கு கிழக்குக்கு வெளியே நீதிமன்றப் பதிவு மொழி சிங்களம். நுவரெலியாவிலும் பதுளையிலும் கண்டியிலும் அப்படித்தான். "அடி பொறுக்காம நான் விட்டுட்டு வந்துட்டேன்" என்று சாட்சிக் கூண்டில் அந்தப் பெண் சொன்னால், முதல் இரண்டு சொற்கள் மொழிபெயர்ப்பில் தவறிவிட, மீதி வாக்கியம் அவர் கணவனைக் கைவிட்டதாக அவரே ஒப்புக்கொண்டதுபோல் சிங்களத்தில் பதிவாகலாம். அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை, வழக்கின் தரப்பினர் தமிழில் ஆவணம் சமர்ப்பிக்கவும் நடவடிக்கைகளில் பங்குகொள்ளவும் உரிமை தருகிறது. மன்றின் மொழி தெரியாதவருக்கு அரச செலவில் உரைபெயர்ப்பும் உண்டு. சட்டப்படி பெறக்கூடிய வழக்குப் பதிவின் பகுதிகளைத் தமிழில் கேட்டுப் பெறவும் முடியும். சாட்சியம் முடிந்ததும் உங்கள் சட்டத்தரணியிடம் அந்தப் பிரதியைக் கேளுங்கள். "அடி பொறுக்காம" என்ற சொற்கள் அதில் இருக்கின்றனவா என்று வாசித்துப் பாருங்கள்.