ராஜநாகத்தைத் தூரம் கொண்டுபோகாதீர்கள்

(வால்பாறையில் நூலக வாசகர் வட்ட ஆண்டு விழாவில் பேசியதன் எழுத்து வடிவம்)

மதிப்பிற்குரிய விழாத் தலைவர் அவர்களே, முன்னிலை வகிக்கும் நகர்மன்றத் தலைவர் அவர்களே, காட்டுத் தீ தடுப்பு வேலைகளுக்கு நடுவிலும் நேரம் ஒதுக்கி வந்திருக்கும் வனச்சரக அலுவலர் அவர்களே, தொழிற்சங்கப் பெரியவர்களே, கொழுந்து எடுத்த கையோடு வீட்டுக்குக்கூடப் போகாமல் இங்கே வந்து உட்கார்ந்திருக்கும் தாய்மார்களே, மாணவச் செல்வங்களே, அனைவருக்கும் வணக்கம். எனக்கு முன்னால் பேசிய தமிழாசிரியை அம்மா நம் பாடல்களில் வரும் பாம்புகளைப் பற்றி அவ்வளவு அழகாகச் சொன்னார். இன்னும் கொஞ்ச நேரம் பேசமாட்டாரா என்றிருந்தது. பொன்னாடை வேண்டாம், அந்தப் பணத்தில் நூலகத்துக்குப் புத்தகம் வாங்குங்கள் என்று கேட்டிருந்தேன். அப்படியே செய்த நூலகர் ஐயாவுக்கு என் நன்றி.

மூன்று செய்திகள் சொல்லலாம் என்று வந்தேன். ராஜநாகம் எப்படி இணை சேர்கிறது, அதைப் பிடித்துத் தூரத்தில் விட்டால் என்ன ஆகிறது, அது எப்படிக் கூடு கட்டிக் குஞ்சு பொரிக்கிறது.

முதலில் இணை சேர்வது. நம் மேற்குத் தொடர்ச்சி மலையில் மார்ச் முதல் மே வரை ராஜநாகத்துக்கு இணை தேடும் காலம். பெண் பாம்பின் தோலில் ஒரு மணம் சுரக்கும். அது ஊர்ந்து போன தடமெல்லாம் அந்த மணம் இருக்கும். ஆண் நாக்கை நீட்டி நீட்டி அந்த மணத்தை எடுத்து, மேலண்ணத்தில் இருக்கும் ஜேக்கப்சன் உறுப்பில் வைத்துப் பார்த்துக்கொண்டே பின்தொடரும். நம் பெரியவர்கள் 'பாம்பின் கால் பாம்பறியும்' என்றார்கள். நான் எந்த மேடையில் ஏறினாலும் இந்தப் பழமொழியைச் சொல்லாமல் இறங்குவதில்லை. ராஜநாகத்தைப் பொறுத்தவரை அது அப்படியே உண்மை.

ஒரு பெண்ணின் தடத்தைப் பிடித்து இரண்டு ஆண்கள் வந்துவிட்டால் என்ன ஆகும்? இதற்கு ஒரு கதை சொல்ல வேண்டும். நம் பக்கத்து எஸ்டேட் ஒன்றில் நடந்தது, எஸ்டேட் பேர் வேண்டாம். ஏப்ரல் மாதம், காலை ஒன்பது மணி இருக்கும். ஓடைக்கு மேல் காட்டில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்த பெண்கள் கூடையைப் போட்டுவிட்டு ஓடி வந்தார்கள். நான் போய்ச் சேர்வதற்குள் லைன் வீட்டு ஜனம் பாதி அங்கே நிற்கிறது. ஓடை ஓரப் புல்லில் இரண்டு ராஜநாகம். ஒவ்வொன்றும் பன்னிரண்டு அடிக்குக் குறையாது. உடம்பு முறுக்கிக் கிடக்க, தலை இரண்டும் இடுப்பு உயரத்துக்கு மேலே எழுந்து, ஒன்றை ஒன்று சாய்க்கப் பார்க்கின்றன. கடிக்கவில்லை. எதிரியின் தலையைத் தரையில் அழுத்துவதுதான் ஆட்டம். விழுந்தது உடனே எழும், மறுபடி பின்னிக்கொள்ளும். செதிலும் செதிலும் உரசும் சத்தம் நாங்கள் நின்ற இடம் வரை கேட்டது.

கூட்டத்தில் ஒரு பாட்டி புது வெள்ளைத் துண்டோடு வந்துவிட்டார். பிணைந்திருக்கிற பாம்பு மேல் துண்டைப் போட்டு எடுத்துப் பெட்டியில் வைத்தால் வீட்டில் செல்வம் தங்கும் என்பது நம்பிக்கை. பின்னாலேயே ஒருவர் கற்பூரத்தோடு வருகிறார். நான் பாட்டியின் கையைப் பிடித்துக்கொண்டு, "பாட்டி, இது கல்யாணம் இல்ல, சண்டை. ரெண்டும் ஆம்பளைப் பாம்பு" என்றேன். பாட்டி என்னை ஏற இறங்கப் பார்த்தார். அப்புறம் ஒரே கேள்வி கேட்டார்: "அப்ப பொண்ணு எங்கடா இருக்கு?"

கூட்டமே சிரித்தது. ஆனால் அங்கே கேட்கவேண்டிய கேள்வி அதுதான். ஓடைக்கு மேலே விழுந்து கிடந்த ஒரு மரத்தடியின் கீழ், இலைச் சருகுக்குள், பெண் இருந்தது. அதுவரை ஒருவர் கண்ணிலும் படவில்லை. ஒரு மணி நேரத்துக்கு மேல் மல்லுக்கட்டிய பிறகு ஓர் ஆண் தலையைத் தாழ்த்தி விலகிப் போனது. ஜெயித்தது நேராக அந்த மரத்தடிக்குப் போய், பெண்ணின் முதுகில் தன் தாடையை வைத்துத் தேய்த்துக்கொண்டே மெதுவாக முன்னேறியது. பாட்டி துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு, "பாம்பின் கால் பாம்பறியும்னு சும்மாவா சொன்னாங்க" என்றார்.

அதற்குள் யாரோ கீழே போன் போட்டிருந்தார்கள். ஜீப்பில் ஓர் ஆள் வந்தார். வாலைப் பிடித்து இழுத்தார், படம் எடுக்க வைத்தார், கூட வந்தவர் வீடியோ எடுத்தார். ஆண் பாம்பைச் சாக்கில் கட்டி, வெகு தொலைவில் இருக்கும் ஒரு காட்டில் விடப்போவதாகச் சொல்லிவிட்டுப் போனார். ஜனங்கள் கைதட்டினார்கள். பெண் பாம்பு இரண்டு நாள் அந்தப் பக்கமே கிடந்தது. அப்புறம் காணவில்லை. அந்த வருடம் அந்த ஓடைக்கரையில் கூடு எதுவும் அமையவில்லை.

நான் இன்று இங்கே வந்ததே இதைச் சொல்லத்தான். கர்நாடகத்தில் ஆகும்பே என்ற மழைக்காட்டு ஊர் இருக்கிறது. பாம்பு ஆய்வாளர் ராமுலஸ் விட்டேக்கர் 2005-ல் அங்கே ஆய்வு நிலையம் தொடங்கினார். ராஜநாகத்தின் உடலுக்குள் ரேடியோ கருவி பொருத்தி, அது போகிற இடமெல்லாம் பின்னாலேயே நடந்து பார்த்தார்கள். தன் காட்டிலேயே இருக்கும் பாம்பு தெரிந்த வளைகளில் தங்கி, தெரிந்த தடங்களில் திரிகிறது. பிடித்துத் தூரத்தில் விட்ட பாம்பு ஓரிடத்தில் நிலைகொள்ளாமல் போய்க்கொண்டே இருந்தது. புது ஊரில் எந்த ஓடையில் பெண் இருக்கிறது, எந்தப் பொந்தில் எதிரி இருக்கிறான் என்று அதற்கு என்ன தெரியும்? நாம் அதைக் காப்பாற்றியதாக நினைத்துக்கொள்கிறோம். அது தன் தடத்தையே தொலைத்துவிட்டு நிற்கிறது.

சரி, கூட்டுக்கு வருகிறேன். உலகத்தில் எத்தனையோ பாம்புகள் உண்டு. இலைகளைக் கூட்டிக் குவித்து முட்டைக்கென்று கூடு கட்டுவது ராஜநாகம்தான். கையில்லாத உயிர் எப்படிக் கட்டும் என்று கேட்கிறீர்களா? உடம்பை வளையமாக வளைத்து, சருகை அணைத்து அணைத்து இழுத்து வரும். மூங்கில் அடியிலோ மரத்தடியிலோ, தண்ணீர் தேங்காத சரிவில் குவிக்கும். நடுவில் சுருண்டு உட்கார்ந்து அழுத்தி அழுத்தி இறுக்கும். இருபது முதல் நாற்பது முட்டை வரை இட்டு, மேலே மறுபடி சருகு போட்டு மூடும். அப்புறம் தென்மேற்குப் பருவமழை. ஆகும்பேயில் ஆண்டுக்கு 7000 மில்லிமீட்டருக்கு மேல் பெய்யும். அந்த மழையிலும் கூட்டுக்குள் கை வைத்தால் முட்டையைச் சுற்றி உள்ள சருகு காய்ந்தே இருக்கிறது. தாய் இரை தேடிப் போகாமல் வாரக்கணக்கில் கூட்டின் மேல் காவல் இருக்கும். குஞ்சு பொரிவதற்குச் சற்று முன்னால் விலகிப் போய்விடும். பாம்பைத் தின்னும் பாம்பு அது, தன் குஞ்சையே தின்றுவிடக் கூடாதே என்றுதான் விலகுகிறது என்பது ஆய்வாளர்களின் கருத்து.

கூடு கட்ட அதற்கு வேண்டியது சருகு ஒன்றுதான். அதைத்தான் நாம் மார்ச் மாதத்தில் கூட்டிக் கொளுத்துகிறோம். கூட்டைப் பார்த்தாலோ முட்டையை வாளியில் அள்ளிக்கொண்டு போகிறோம். ஆகும்பே பக்கத்தில் வீட்டுக்கு அருகிலேயே கூடு இருந்தும் அந்த வீட்டுக்காரர்கள் விட்டுவைத்திருக்கிறார்கள். பொரியும் நாள் நெருங்கும்போது கூட்டைச் சுற்றி வலை கட்டுவார்கள். குஞ்சுகளை எண்ணி அதே காட்டில் விடுவார்கள். ஒவ்வொன்றும் ஒன்றரை அடிக்கு மேல் இருக்கும், கருப்பில் வெள்ளை வளையம் போட்டது. முட்டையை விட்டு வரும்போதே விஷமும் இருக்கும், அதனால் கையால் தொடக் கூடாது. நம் மருத்துவமனைகளில் இருக்கும் விஷமுறிவு மருந்து நல்லபாம்பு, கட்டுவிரியன், கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன் ஆகிய நான்குக்காகச் செய்தது. ராஜநாகத்துக்கு அல்ல. வாலைப் பிடித்து வீடியோ எடுக்கும் தம்பிகள் இதைக் கவனமாகக் கேட்டுக்கொள்ளுங்கள்.

நம் மலையில் இருப்பது தனி இனம் என்று 2024-ல் பிரித்து, ஓஃபியோபேகஸ் காளிங்கா என்று பெயரும் வைத்துவிட்டார்கள். மேற்குத் தொடர்ச்சி மலையை விட்டால் அதற்கு வேறு வீடு இல்லை. இந்த ஊர் யானையோடு வாழக் கற்ற ஊர். யானை வந்தால் போனில் குறுஞ்செய்தி வருகிறது, சிவப்பு விளக்கு எரிகிறது, நாம் வழிவிடுகிறோம். அதே மனசு இதற்கும் வேண்டும். மார்ச், ஏப்ரல், மே மாதங்களில் ராஜநாகம் வாசலில் வந்தால், அது நம்மைத் தேடி வரவில்லை. பக்கத்தில் எங்கோ பெண் இருக்கிறது. குழந்தைகளை உள்ளே அழைத்துக்கொண்டு, தள்ளி நின்று, வனத்துறைக்குச் சொல்லுங்கள். பெரும்பாலும் அது தானே போய்விடும். வீட்டுக்குள்ளேயே வந்து பிடித்தே ஆகவேண்டும் என்றால், பயிற்சி பெற்றவர் பிடித்துக் கூப்பிடு தூரத்தில் இருக்கும் சோலையில் விடட்டும். பாம்பின் கால் பாம்பறியும், மிச்ச வழியை அது பார்த்துக்கொள்ளும்.

வனச்சரக அலுவலர் அவர்களிடம் எனக்கு ஒரு விண்ணப்பம். வரும் பிப்ரவரிக்குள் ஒவ்வொரு லைன் வீட்டுச் சுவரிலும் உங்கள் அலுவலக எண்ணோடு ஓர் அறிவிப்பு இருக்க வேண்டும். பிடித்த பாம்பை எங்கே விட்டோம் என்று ஒரு பதிவேடும் வேண்டும். அறிவிப்பை எழுதித் தருவது என் பொறுப்பு. அச்சுச் செலவை நகர்மன்றம் ஏற்க வேண்டும் என்று தலைவர் அவர்களை இந்த மேடையிலேயே கேட்டுக்கொள்கிறேன். நன்றி, வணக்கம்.