ப்ரெத்லெஸ் படத்தின் எடிட்டர்: செசில் டெகூஜிஸ்

(திரையில்: பாரிஸ் தெரு, திறந்த கார், முன்சீட்டில் நடிகை ஜீன் சீபெர்க்)

பிரெஞ்சு இயக்குநர் கோதாரின் 'ப்ரெத்லெஸ்', 1960. காரை ஓட்டுவது கதாநாயகன் பெல்மோந்தோ. ஆனால் இந்த இடத்தில் அவர் முகத்தைக் காட்டவே மாட்டார்கள். சீபெர்க்கின் பின்தலை மட்டும்தான். அவர் அவளுடைய கழுத்து, குரல், நெற்றி என்று ஒவ்வொன்றாகப் புகழ்ந்துகொண்டே வருகிறார். அதற்குள் படம் திரும்பத் திரும்பத் தாவுகிறது. தெரு மாறுகிறது, வெளிச்சம் மாறுகிறது. தலை மட்டும் அதே இடத்தில் இருக்கிறது.

இதைத்தான் ஜம்ப் கட் என்கிறோம். எல்லோரும் கோதாரைச் சொல்வார்கள். சரி, யோசனை அவருடையதுதான். எடிட்டிங் டேபிளில் உட்கார்ந்து அதை ஓடவைத்தவர் செசில் டெகூஜிஸ். அதற்கு முன்பே இன்னொரு இளம் இயக்குநர் த்ரூஃபோவின் குறும்படம் ஒன்றையும் கோதாரின் குறும்படம் ஒன்றையும் எடிட் செய்து, அந்த இளைஞர் கூட்டத்துக்கு வேண்டியவராக இருந்தார்.

படம் நீளமாகிவிட்டது, ஒன்றரை மணி நேரத்துக்குக் கொண்டுவர வேண்டும். வழக்கமாக என்ன செய்வார்கள்? ஒரு காட்சியை அப்படியே தூக்கிவிடுவார்கள். இங்கே காட்சி இருந்தது; ஷாட்டுக்கு நடுவில் இருந்து துண்டு துண்டாக எடுத்தார்கள்.

அப்படியும் நமக்கு ஏன் குழப்பம் வரவில்லை?

(திரையில்: அதே காட்சி, முதலில் ஒலி இல்லாமல், பிறகு ஒலியோடு)

ஒலி இல்லாமல் பார்த்தால் ரீல் அறுந்த மாதிரி இருக்கிறது. ஒலி வந்ததும் எல்லாம் சேர்ந்துவிடுகிறது. படப்பிடிப்பில் ஒலி பதிவு செய்யவில்லை. குரல்கள் பின்னால் டப்பிங்கில் சேர்ந்தவை. அதனால் படம் எத்தனை இடத்தில் வெட்டுப்பட்டாலும் பேச்சை விடாமல் ஓட்ட முடிந்தது. காது ஒரு கையைப் பிடித்துக்கொண்டால் கண் எங்கே தாவினாலும் விழாது. எனக்குத் தெரிந்து எடிட்டிங்கில் இதைவிடப் பெரிய பாடம் இல்லை.

படம் வெளியான அதே ஆண்டில் டெகூஜிஸ் கைதானார். அல்ஜீரியா அப்போது பிரான்சிடம் விடுதலை கேட்டுப் போராடிக்கொண்டிருந்தது. அந்தப் போராட்டத்தை நடத்திய தேசிய விடுதலை முன்னணிக்கு வீடு கொடுத்து உதவினார் என்பது குற்றச்சாட்டு. தண்டனை ஐந்து ஆண்டு. சிறையில் கழிந்தது இரண்டு. உலகமே அந்தப் படத்தைப் பற்றிப் பேசிய நேரத்தில் அதை வெட்டி ஒட்டியவர் உள்ளே இருந்தார். கோதார், த்ரூஃபோ கூட்டத்தின் சினிமாவைப் 'புதிய அலை' என்பார்கள்; அது பற்றிய பேச்சில் இந்தப் பெயர் இவ்வளவு குறைவாக வருவது எனக்கு வருத்தம்தான்.

அப்புறம் வந்தார் இன்னொரு புதிய அலை இயக்குநர், எரிக் ரோமர். 1969-ல் அவருடைய 'மை நைட் அட் மாட்ஸ்' படத்தை டெகூஜிஸ் எடிட் செய்தார்.

(திரையில்: மாட்டின் வீடு, இரவு, கறுப்பு வெள்ளை)

க்ளெர்மோன் ஃபெரான் ஊரில் ஒரு பனிக்கால இரவு. மாட் என்ற பெண்ணின் வீட்டில் மதம், காதல், தத்துவவாதி பாஸ்கல் என்று பேச்சு நீண்டுகொண்டே போகிறது. கோதார் படத்துக்கு நேர் எதிர். ஒரு ஷாட் வந்தால் சுலபத்தில் நகராது. மாட் பேசும்போது சில நேரம் நாம் பார்ப்பது அவளை அல்ல, கேட்டுக்கொண்டிருக்கும் கதாநாயகன் த்ரான்தின்யானின் முகத்தை. அவர் பொய் சொல்லப் போகிறாரா, பயப்படுகிறாரா என்பது அங்கேதான் தெரிகிறது. ஒருவர் குரல், இன்னொருவர் முகம்: கார் காட்சியில் வேகமாக நடந்ததே இங்கே நிதானமாக நடக்கிறது. வசனம் முடிந்ததும் எதிராளிக்கு வெட்டுவது எந்த எடிட்டருக்கும் கைப்பழக்கம். அதை அடக்கிக்கொண்டு இன்னும் கொஞ்சம் பொறுப்பது எவ்வளவு கஷ்டம் என்பது டேபிளில் உட்கார்ந்தவர்களுக்குத் தெரியும்.

ரோமரோடு டெகூஜிஸின் கூட்டணி எண்பதுகள் வரை நீடித்தது. 'க்ளேர்ஸ் நீ', 'பாலின் அட் த பீச்', 'ஃபுல் மூன் இன் பாரிஸ்' எல்லாம் அவர் கைபட்டவை. டெகூஜிஸ் 2017-ல் காலமானார். இந்த வரிசையில் ஒன்று மட்டும் பார்க்க நேரம் இருக்கிறது என்றால் 'பாலின்' பாருங்கள். யார் பேசுகிறார் என்பதை விட்டுவிட்டு, அந்த நேரத்தில் யாரைக் காட்டுகிறார்கள் என்று மட்டும் கவனியுங்கள்.