மூவலூரும் திருவையாறும்: ஒரு பழைய சண்டை

வணக்கங்க. மாயவரத்துலேர்ந்து கும்பகோணம் போற ரோட்டுல கொஞ்ச தூரத்துலயே மூவலூர் வந்துடும், பஸ்ல கண்ணை மூடினா போச்சு, தாண்டிடுவீங்க. அந்த ஊர் இராமாமிர்தம் அம்மையாரைப் பத்திதான் இன்னிக்குப் பேசச் சொல்லியிருக்காங்க. பேரு தெரியாதவங்க இல்ல, முன்னாடி கல்யாண உதவித் திட்டம், 2022லேர்ந்து கவர்மெண்ட் ஸ்கூல்ல படிச்ச பொண்ணுங்க காலேஜ் போனா மாசம் 1000 ரூபா வருதே, அதுவும் அந்தம்மா பேர்லதான். ஆனா அவங்க எழுதுனதப் படிச்சவங்க கம்மி.

1883ல திருவாரூர்ல பொறந்தாங்க. வறுமையில பெத்தவங்களே ஒரு தாசிகிட்ட ஒப்படைச்சிட்டாங்க, வளந்தது அந்த வீட்லதான். வயசான ஆளுக்குக் கட்டி வைக்கப் பாத்தப்ப முடியாதுன்னுட்டு தனக்குப் பாட்டு சொல்லிக் குடுத்தவரையே கல்யாணம் பண்ணிக்கிட்டாங்க, அந்தக் காலத்துல இது என்ன சாதாரண காரியமா? காங்கிரஸ்ல இருந்தாங்க, அப்பறம் பெரியார்கூட சுயமரியாதை இயக்கம். 1938 இந்தி எதிர்ப்புல திருச்சியிலேர்ந்து சென்னை வரைக்கும் நடந்தே போன படையில 55 வயசுல நடந்தாங்க, ஜெயிலுக்கும் போனாங்க.

1936ல வந்துச்சு அவங்க நாவல், தாசிகள் மோசவலை அல்லது மதிபெற்ற மைனர். நயமான எழுத்தெல்லாம் இல்லீங்க, மேடையில நின்னு பேசுற மாதிரியே இருக்கும், ஆனா மைனரை எப்படி மடக்குறது, நகையை எப்படிக் கேக்குறது, வீட்டுல மூத்த தாசியா இருக்குற தாய்க்கிழவி எப்படி நடிக்கிறதுன்னு ஒவ்வொண்ணும் உள்ள இருந்தவங்களுக்குத்தான் தெரியும்.

தாசி முறையே ஒழியணும்னு அம்மையார் நின்னாங்க, இதே காவிரிக்கரையிலதான் அதுக்கு எதிர்க்கட்சியும் இருந்துச்சு. பெங்களூர் நாகரத்தினம்மா, திருவையாத்துல தியாகராஜர் சமாதியைத் தன் சொத்தைப் போட்டுக் கட்டுனவங்க, அங்க பொம்பளைங்க பாடக்கூடாதுன்னு ஆம்பளைங்க சொன்னப்ப பெண்கள் கட்சின்னு தனியாவே ஒண்ணு ஆரம்பிச்சாங்க. பொட்டு கட்டுறதை, அதாவது பொண்ணைக் கோயிலுக்குத் தாசியா நேர்ந்து விடுறதை, நிறுத்தணும்னு முத்துலட்சுமி ரெட்டி சட்டசபையில பேசுனப்ப நாகரத்தினம்மா மாதிரி தேவதாசிங்க எதிர்த்து மனு குடுத்தாங்க, எங்க படிப்பும் கலையும் சொத்துரிமையும் என்னாகும், எங்களையும் விபசாரத்தையும் ஒண்ணா வைக்கிறீங்களேன்னு. இவங்களை பிற்போக்குன்னு ஒரே வார்த்தையில தள்ளிடுறோம், அது எனக்கு ஒப்பல.

ஏன்னா சொத்துங்கறது இங்க நிலம். கோயில் ஊழியத்துக்காக விட்ட மானிய நிலம். 1929ல சட்டத்தைத் திருத்தி, ஊழியம் செய்யாமலே அந்த நிலத்தை அவங்களே வச்சுக்கலாம்னு வந்துச்சு. நல்ல ஏற்பாடு, ஆனா மானியமே இல்லாம ஆட்டத்தையும் பாட்டையும் நம்பி இருந்தவளுக்கு இதுல என்ன? 1947ல பொட்டு கட்டுறதைத் தடை பண்ணி முழுச் சட்டமும் வந்துடுச்சு.

சட்டம் வேணும்னு நின்னதுல அம்மையார் பக்கம்தான் நான், சின்னப் பொண்ணைக் கேக்காம கோயிலுக்கு நேர்ந்து விடுறதை எந்தக் கலையைச் சொல்லியும் நியாயப்படுத்த முடியாது. ஆனா சொத்தைத் தொலைச்ச மைனர் மேல நாவல்ல வர்ற இரக்கத்துல பாதியாவது அந்த வயசான தாசிங்க மேலயும் வந்திருக்கலாம்னு எனக்கு ஒரு குறை. இதை நேர்ல போய்ச் சொல்லியிருந்தா சும்மா விட்டிருப்பாங்களா, அந்த வீட்ல வளந்தது நீயா நானான்னு கேட்டிருப்பாங்க, எங்கிட்ட பதில் இருந்திருக்காது.