அவளைக் கேட்காதீர்கள், அனுப்பியவனைக் கேளுங்கள்

அனைவருக்கும் வணக்கம். ஒரு பெண்ணின் அந்தரங்கப் படம் வாட்ஸ்அப்பில் சுற்ற ஆரம்பித்தால், அது பட்டர்வொர்த்தாக இருந்தாலும் சரி, செந்தூலாக இருந்தாலும் சரி, நம் ஆட்கள் முதலில் கேட்பது "இவ எதுக்கு அந்தப் படத்தை எடுத்தா?" என்றுதான். அனுப்பியவன் யார் என்று கேட்க யாருக்கும் தோன்றுவதில்லை. எனக்கு அதுதான் கோபம்.

2025 ஏப்ரலில் ஜோகூரில் நடந்தது ஞாபகம் இருக்கும். மாணவிகளின் சாதாரணப் படங்களை ஏஐ வைத்து ஆபாசமாக மாற்றினான் என்று 16 வயதுப் பையனைப் போலீஸ் பிடித்தது. அந்தப் பிள்ளைகள் என்ன தப்பான படம் எடுத்தார்கள்? நம் பினாங்கு உயர் நீதிமன்றத்திலேயே பழைய வழக்கு ஒன்று உண்டு. சிகிச்சைக்குப் போன பெண்ணின் மறைவிடத்தை அவரைக் கேட்காமல் மருத்துவர் படம் எடுத்துவிட்டார். அது அந்தப் பெண்ணின் அந்தரங்கத்தை மீறிய செயல், இழப்பீடு கொடு என்று நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

"சரி, அவளே எடுத்து அனுப்பியிருந்தால்?" அனுப்பட்டுமே. ஒருவனை நம்பிக் கொடுத்தது அந்த ஒருவனுக்குத்தான். காதலன், கணவன் யாராக இருந்தாலும் அதை நாலு பேருக்குக் காட்ட அவனுக்கு உரிமை கிடையாது.

நம் மலேசியச் சட்டம் இதைச் சும்மா விடுவதில்லை. 1998 தொடர்பு, பல்லூடகச் சட்டத்தின் 233-ஆம் பிரிவில், ஆபாசமானதை இணையத்தில் அனுப்பினால் அதிகபட்ச அபராதம் முன்பு 50,000 வெள்ளி, 2025-இல் அதை 5 லட்சமாக்கி, சிறையையும் 2 ஆண்டு வரை உயர்த்திவிட்டார்கள். குற்றவியல் சட்டத்தின் 292-ஆம் பிரிவில் ஆபாசப் பொருளைப் பரப்பினால் 3 ஆண்டு வரை, 509-இல் ஒருவரின் மானத்துக்கு இழிவு செய்தால் 5 ஆண்டு வரை சிறை. படத்தில் இருப்பவர் 18 வயதுக்குக் கீழே என்றால் சிறார்களுக்கு எதிரான பாலியல் குற்றங்களுக்கான 2017-ஆம் ஆண்டுச் சட்டம் வந்துவிடும். பரப்பினால் 10 ஆண்டு வரை சிறையோடு ரோத்தான் அடியும் உண்டு, போனில் வைத்திருந்தாலே 5 ஆண்டு வரை உள்ளே போகலாம். "குரூப்பில் வந்துச்சு, நான் சும்மா ஃபார்வர்ட் பண்ணேன்" என்கிற அண்ணன்மார்களே, நீங்களும் இதில் வருகிறீர்கள்.

ஆனால் சட்டம் தொடாத இடம் ஒன்று இருக்கிறது, அது நம் வீடு. படம் வெளியான பெண் வேலைக்குப் போக முடியாமல், கோயிலுக்குப் போக முடியாமல், பேசி வைத்த கல்யாணம் நின்று, கடைசியில் குடும்பமே தாமானை விட்டுக் கிளம்புகிற நிலைமைக்கு வருகிறது, பரப்பியவன் மட்டும் அதே கடையில் உட்கார்ந்து தே தாரிக் குடிக்கிறான். 2024 ஜூலையில் கோலாலம்பூரில் இணையத் தொல்லை தாங்காமல் நம் சமூகப் பெண் ஒருவர் உயிரை விட்டபோது, தொல்லை கொடுத்தவர்களில் ஒருவருக்குக் கிடைத்தது 100 வெள்ளி அபராதம். அந்தக் கொதிப்புக்கு அப்புறம்தான் 2025-இல் இப்படித் தொல்லை கொடுப்பவர்களைத் தண்டிக்கக் குற்றவியல் சட்டத்தைத் திருத்தினார்கள்.

மிரட்டுகிறவனுக்குப் பணம் கொடுக்காதீர்கள், கொடுத்தால் திரும்பவும் கேட்பான். கணக்கின் பெயர், இணைப்பு, தேதி எல்லாம் தெரிகிற மாதிரி ஸ்கிரீன்ஷாட் எடுத்துக்கொண்டு போலீசில் புகார் கொடுங்கள். தாலியான் காசே என்ற அரசு உதவி எண் 15999-க்கு எந்த நேரமும் அழைக்கலாம். பினாங்கில் 1985-இலிருந்து இயங்கும் மகளிர் மாற்ற மையம் (WCC) இருக்கிறது, தனியாகப் போகப் பயமாக இருந்தால் அங்கே பேசுங்கள். அந்தரங்கப் படம் சம்மதமில்லாமல் பரவுவதைத் தடுக்க ஸ்டாப் என்சிஐஐ (StopNCII) என்ற இணையத் தளமும் உண்டு. படம் உங்கள் போனை விட்டு வெளியே போகாது, அதன் டிஜிட்டல் கைரேகை, அதாவது அந்தப் படத்தை அடையாளம் காட்டும் குறியீடு மட்டும் ஃபேஸ்புக், இன்ஸ்டாகிராம், டிக்டாக் மாதிரி நிறுவனங்களுக்குப் போகும், அதை வைத்து அவர்கள் தடுப்பார்கள். வாட்ஸ்அப் தனி உரையாடலை அது தடுக்காது, அங்கே நாம்தான் நிறுத்த வேண்டும்.

அப்பா அம்மாவுக்கு ஒன்று. மகள் அழுதுகொண்டு வந்து சொன்னால் ஆத்திரத்தில் அவள் போனைப் பிடுங்கி உடைக்காதீர்கள், எதையும் அழிக்கவும் சொல்லாதீர்கள். ஆதாரம் முழுக்க அதில்தான் இருக்கிறது.