மறதி நோயும் வீட்டுக் கேமராவும்

[கறுப்புத் திரை. குரல் மட்டும்.]

"நான் யாருன்னு சொல்லுங்க பார்ப்போம்?"

டிமென்ஷியா வந்த பெரியவரைப் பார்க்க வருகிறவர்கள் கேட்கும் முதல் கேள்வி இதுதான். இப்போது போனைப் பிடித்துக்கொண்டே கேட்கிறார்கள். பதில் வராமல் அவர் திணறுவது வீடியோவாகிறது. இந்தப் பரீட்சை வேண்டவே வேண்டாம்.

[எழுத்து: 1994]

அமெரிக்க இயக்குநர் டெபோரா ஹாஃப்மன், டிமென்ஷியாவில் ஒரு வகையான அல்சைமர் வந்த தன் அம்மாவைப் பற்றி எடுத்த ஆவணப்படம் 'கம்ப்ளெயின்ட்ஸ் ஆஃப் எ டியூட்டிஃபுல் டாட்டர்'. 44 நிமிடம்தான், ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. அம்மாவுக்கு மகள் கல்லூரித் தோழியாகத் தெரிகிறாள். மகள் திருத்துகிறார், விளக்குகிறார், மறுபடி திருத்துகிறார். அம்மா கலங்கியதுதான் மிச்சம். கடைசியில் ஒன்றாகப் படித்ததாகவே மகள் ஒத்துக்கொள்கிறார். அதோடு இருவருக்கும் பாரம் குறைகிறது.

அல்சைமரில் பெரும்பாலும் முதலில் அடிபடுவது அண்மை நினைவு. நீங்கள் எடுத்துச் சொன்னது மனதில் பதியாது. திருத்தப்பட்ட சங்கடம் மட்டும் தங்கிவிடும்.

[எழுத்து: 2020]

கிர்ஸ்டன் ஜான்சன், பல வருடம் பிறருடைய ஆவணப்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர். அவருடைய அம்மாவும் அல்சைமரோடு வாழ்ந்து 2007-இல் இறந்தார். நோய்க்கு முந்தைய அம்மாவை அவர் படம்பிடித்து வைக்கவில்லை. மனநல மருத்துவரான அப்பா டிக்குக்கும் மறதி தொடங்கியபோது 'டிக் ஜான்சன் இஸ் டெட்' என்ற படம் பிறந்தது. அப்பாவும் மகளும் சேர்ந்து அப்பாவின் சாவையே விதவிதமாக நடித்துப் பார்க்கிறார்கள். நடந்து போகிறவர் தலையில் ஏசி பெட்டி விழுகிறது. அவர் உயிரோடு இருக்கும்போதே தேவாலயத்தில் இறுதி அஞ்சலி நடக்கிறது. கேட்கக் குரூரமாக இருக்கும். பார்த்தால், மனிதர் வாய்விட்டுச் சிரிக்கிறார்.

ஆனால் கழுத்தில் செயற்கை ரத்தம் வழியும் காட்சியில் அந்தச் சிரிப்பு இல்லை. மகள் அதை வெட்டாமல் வைத்திருக்கிறார். என் பார்வையில் படத்தின் மிக நேர்மையான இடம் அது. தெளிவாக இருந்தபோது கொடுத்த சம்மதம், கொடுத்ததையே மறந்த பிறகும் செல்லுமா?

செல்லாது என்றே நினைக்கிறேன். ஒவ்வொரு முறையும் முகத்தைப் பார்த்துத்தான் முடிவெடுக்க வேண்டும்.

[காட்சி: போர்வையின் ஓரத்தைப் பிடித்திருக்கும் கை.]

வேண்டாம் என்று சொல்ல வாய் வராதவர் தலையைத் திருப்பிக்கொள்வார், போர்வையை இழுத்துக்கொள்வார், எழுந்து போகப் பார்ப்பார். அப்போதே பதிவை நிறுத்திவிடுங்கள். நோய் ஆரம்பக் கட்டத்தில் இருந்தால், எதை எடுக்கலாம், யாருக்குக் காட்டலாம் என்று அவரிடமே கேளுங்கள். அந்தப் பேச்சையும் பதிவு செய்து வையுங்கள்.