பெயர் சொல்லாத சரிவு

நேயர்களுக்கு வணக்கம். 2018-ஆம் ஆண்டில், கொடைக்கானலுக்கு அப்பால், பழனிமலைத் தொடரின் ஒரு சரிவில் நீலக்குறிஞ்சி பூத்திருக்கக் கண்டேன். எந்தச் சரிவு என்று இன்றும் சொல்லப்போவதில்லை. வானொலியில் படம் காட்ட வழியில்லை என்பதும் எனக்கு வசதிதான்.

கைப்பேசி பைக்குள்ளேயே இருந்தது. முதல் பத்து நிமிடங்கள் கை துறுதுறுத்ததை மறைக்க விரும்பவில்லை. எந்தக் கோணத்தில் எடுத்தால் நன்றாக இருக்கும், யார் யார் பார்ப்பார்கள், என்ன சொல்வார்கள் என்று மனம் கணக்குப் போட்டுக்கொண்டே இருந்தது. அந்தக் கணக்கு ஓய்ந்த பிறகே தேனீக்களின் இரைச்சல் காதில் விழுந்தது. தொலைவில் ஒரே நீலமாகத் தெரிந்த சரிவில், அருகே உட்கார்ந்து பார்க்கையில், புதிதாக விரிந்த பூவுக்கு ஒரு நிறமும் வாடத் தொடங்கிய பூவுக்கு வேறொரு நிறமும் இருப்பது புலப்பட்டது.

நீலக்குறிஞ்சி பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை பூத்து, விதை உதிர்த்து, அத்தோடு மடிந்துவிடும் செடி. விதை முற்றும் முன் பூங்கொத்தை ஒடிப்பவர், அந்தச் செடிக்கு வாய்த்த ஒரே வாய்ப்பைப் பறிக்கிறார். அப்படி ஒடிப்பவருக்கு நம் படமே வழிகாட்டிவிடலாம். இருப்பிடப் பதிவு இயங்கும் கேமரா, படத்துக்குள்ளேயே இடத்தைக் குறித்துவிடுகிறது. பதிவேற்றும்போது பல தளங்கள் அதை நீக்கினாலும், படத்தின் கீழே ஊரையும் வழியையும் நாமே ஆர்வத்தோடு எழுதிவிடுகிறோமே!

ஆனால், ஊருக்குச் சொல்லாமல் இருப்பது வேறு, ஒருவருக்குமே சொல்லாமல் காட்டுக்குள் நுழைவது வேறு. அதே 2018-இல், மார்ச் 11 அன்று, தேனி மாவட்டம் குரங்கணியில் மலையேறச் சென்றவர்கள் காட்டுத்தீயில் சிக்கி உயிரிழந்ததை நாம் மறக்கவில்லை. 2024 அக்டோபரில் தமிழக அரசு நாற்பது மலையேற்றப் பாதைகளை முன்பதிவு முறையில் திறந்திருக்கிறது. வழிகாட்டியும் உடன் வருவார். எந்தப் பாதையானாலும், வனத்துறையின் அனுமதியைப் பெற்று, போகும் வழியையும் திரும்பும் நேரத்தையும் வீட்டில் ஒருவரிடம் எழுதிக் கொடுத்துவிட்டே நான் புறப்படுகிறேன். அந்தத் துண்டுச்சீட்டு ஒன்றே என் பயணத்தைப் பற்றிய அறிவிப்பு.

குறிஞ்சியின் அடுத்த பூப்பு 2030-இல். அந்தச் சரிவுக்குச் செல்லும் வழியை ஒரு நோட்டில் பென்சிலால் வரைந்து வைத்திருக்கிறேன். முழங்கால் ஒத்துழைத்தால் பேத்தியை அழைத்துச் செல்வேன். இல்லையென்றால் நோட்டை அவளிடம் கொடுத்துவிடுவேன். வணக்கம்.