யானைக்கு ஆள் தெரியும்

எல்லாருக்கும் வணக்கம். ஒட்டுசுட்டான், நெடுங்கேணிப் பக்கத்தாலயும் கமக்காரர் கனபேர் வந்திருக்கிறியள். யானையோட சீவிக்கிற உங்களுக்கு அதின்ர பலத்தப் பற்றி நான் சொல்லத் தேவையில்லை, மூளையப் பற்றித்தான் கதைக்கப் போறன்.

கென்யாவில அம்போசெலி எண்டு ஒரு இடம். அங்க மசாய் ஆக்கள் மாடு மேய்க்கிறவை, யானையோட பிரச்சினை வந்தா சிலநேரம் ஈட்டியால குத்துவினம். கம்பா ஆக்கள் கூடுதலா தோட்டம் செய்யிறவை, அவையால யானைக்கு அந்தளவு ஆபத்தில்லை. ஆராய்ச்சி செய்த ஆக்கள் "அங்க பாருங்கோ, யானைக் கூட்டம் வருது" எண்ட ஒரே வசனத்த ரெண்டு பாஷையிலயும் ரெக்கோர்ட் பண்ணி யானையளுக்குக் கிட்ட ஸ்பீக்கரில போட்டவை. மசாய் ஆம்பிளையின்ர குரல் கேட்டா அதுகள் ஒண்டோட ஒண்டு நெருங்கி நிண்டு தும்பிக்கையத் தூக்கி மணந்து பாக்குதுகள். கம்பா ஆம்பிளையின்ர குரலுக்கு அவ்வளவு பதட்டம் இல்லை, மசாய் பொம்பிளையள், சின்னப் பெடியளின்ர குரலுக்கும் அப்பிடித்தான். 2014இல வந்த ஆய்வு. பாஷை, ஆணா பெண்ணா, பெரிய ஆளா பிள்ளையா எண்டு குரலிலயே பிரிச்சு ஆருக்குப் பயப்பிடோணும் எண்டு முடிவெடுக்குது பாருங்கோ!

தாய்லாந்தில இன்னொண்டு, 2011இல. ரெண்டு யானையும் சேர்ந்து கயித்த இழுத்தாத்தான் சாப்பாட்டு மேசை கிட்ட வரும், ஒண்டு தனிய இழுத்தா கயிறு உருவிக்கொண்டு போயிடும். முதல் வந்த யானை இழுக்காம மற்றது வரும்வரைக்கும் 45 செக்கன் வரைக்கும் காத்து நிண்டிருக்கு. அதில ஒரு இளம் யானை கயித்தில கால வச்சுக்கொண்டு சும்மா நிண்டு, இழுக்கிற வேலைய மற்றதிட்ட விட்டிட்டுது.

இப்பிடிப்பட்ட மூளைக்கு முன்னால யானை வெடி எத்தினை நாளைக்கு எடுபடும்? சத்தம் மட்டும்தான் எண்டு பிடிச்சிடும். மின்வேலியும் அப்பிடித்தான், கட்டைய காலால சாய்ச்சிடும், மரத்த முறிச்சு கம்பிக்கு மேல போடும். காட்டு எல்லையில ஆள் நடமாட்டம் இல்லாத இடத்தில வேலி நிண்டா, அதுக்கு இரவு முழுக்க முயற்சி செய்து படிக்க நேரம் இருக்கு, கேக்க ஆளில்லை. அதாலதான் நான் சொல்லுறன், வேலி வயலச் சுத்தி வரோணும், உங்கட கண்ணுக்கும் ரோச் லைற்றுக்கும் எட்டுற தூரத்தில, கம்பியில கரண்ட் நிண்டுபோகாம நீங்களே பாத்துக்கொள்ளுற மாதிரி. குருநாகல் மாவட்டத்தில கல்கமுவ பக்கம் கமக்காரர் பருவத்துக்குப் போட்டு அறுவடையோட கழட்டுற வேலி வச்சிருக்கினம்.

யானை செத்துது எண்டாலும் எனக்கு மனசு கேக்காது, யானை அடிச்சு ஒரு கமக்காரன் செத்தாலும் கேக்காது. காலபோக விதைப்புக்கு முன்னம் எந்த வயல்வெளியில இப்பிடி வேலி போடத் தொடங்கலாம் முதல்ல எண்டு இண்டைக்கே இந்த மண்டபத்திலயே கதைச்சு முடிவெடுப்பம், அறுத்து முடிய வேலியக் கழட்டிவிட்டா மிஞ்சின புல்ல யானை வந்து மேஞ்சிட்டுப் போகட்டும்.